கம்சாயினி வைத்த பரீட்சை

போன கிழமை கம்சாயினியை மடிக்கணினிக்கு முன்னால் வாயடைத்துப்போய் இருக்கவிட்டு வந்தோம். வாசகர்களில் பாதிப்பேர் அவளுக்காகக் கவலைப்பட்டிருப்பீர்கள். மீதிப்பேர், "இந்தப் புள்ளைக்கு ஏன் இந்த வேண்டாத வேலை" என்று திட்டியிருப்பீர்கள். இரண்டும் நியாயம்தான்.

இடையில் வந்து சேர்ந்தவர்களுக்காக நடந்ததைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். மற்றவர்கள் அதற்குள் ஒரு தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வரலாம்.

கம்சாயினியின் அண்ணன் ஜெயந்தனும் அவனுடைய சிநேகிதன் ஏறாவூர் றிஸானும் இரண்டு வருடமாக உழைத்து ஒரு செயலியை உருவாக்கியிருக்கிறார்கள். பெயர் 'கதிர்க்கண்'. நெல் இலையைக் கைத்தொலைபேசியில் படம் பிடித்துக் காட்டினால், பயிரைக் கருக்கிவிடும் எரிபந்த நோய் அதில் இருக்கிறதா இல்லையா என்று செயற்கை நுண்ணறிவு பார்த்துச் சொல்லும். வெல்லாவெளி வட்டையில், அதாவது ஊர் வயல்வெளியில், வயல் செய்பவர்கள் எடுத்து அனுப்பிய ஆயிரக்கணக்கான படங்களைப் பார்த்துத்தான் அது படித்தது. தாராள மனக்காரன் ஜெயந்தன் அந்தப் படங்களை, யாருக்கும் உதவட்டும் என்று இணையத்திலும் போட்டுவைத்தான்.

நூற்றுக்குத் தொண்ணூற்றாறு வீதம் சரியாகச் சொல்கிறது என்று அண்ணனும் றிஸானும் துள்ளிக் குதித்தார்கள். ஆனால் அவர்கள் சோதித்துப் பார்த்ததும் அதே வட்டையில் எடுத்த படங்களை வைத்துத்தான். அங்கேதான் கம்சாயினிக்கு மூளை குறுகுறுத்தது.

பல்கலைக்கழகத்தில் புள்ளிவிபரவியல் படித்தவள் அவள். செயலியை அளந்து பார்க்கிற வேலையை "சும்மா ஒருக்காப் பாரு" என்று அவளிடம் ஒப்படைத்திருந்தார்கள். சும்மா பார்க்கிற சாதியா அவள்! பஸ் ஏறிக் கரடியனாறு போனாள். முன்பின் தெரியாத வயல்களில் இறங்கினாள். நோய் பிடித்த இலை, பிடிக்காத இலை இரண்டையும் வயலுக்குள் வைத்தும் எடுத்தாள், கையில் பிடித்தும் எடுத்தாள். அந்தப் படங்களைக் கொண்டுவந்து கதிர்க்கண்ணுக்குக் காட்டினாள்.

தொண்ணூற்றாறு ஐம்பத்தெட்டாகிப் போனது. காசைச் சுண்டிப் பூவா தலையா பார்த்தாலும் ஏறக்குறைய அவ்வளவு சரியாக வந்துவிடும்.

இதில் சிக்கலான விஷயம் என்னவென்றால், இன்றைக்கு மத்தியானம்தான் மட்டக்களப்பில் தேர்வுக்குழு கூடுகிறது. கதிர்க்கண் தேர்வானால் வருகிற பெரும்போக நெல் விதைப்புக்கு மாவட்டம் முழுக்க அதுதான். தேர்வாகாவிட்டால் ஜெயந்தன் டோகாவுக்கு வேலைக்குப் போக விமானம் ஏறுவான். விசா வந்துவிட்டது. எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குத்தான், கட்டுகிற மாப்பிள்ளை அந்த வீட்டுக்கு வந்து சேருவான். தகப்பன் இல்லாத குடும்பத்தில் அந்த வீட்டைக் கட்டி முடிப்பது அண்ணன் தலையில். கம்சாயினிக்கென்று எழும்பிய சுவர்கள் கூரை இல்லாமல் நிற்கின்றன. செயலி கைவிட்டால் டோகாதான் கூரை போட வேண்டும்.

ஆக, தான் கண்டுபிடித்த அந்த எண்ணைச் சொன்னால், தனக்காக அண்ணன் நாட்டை விட்டுப் போவான். சொல்லாவிட்டால்? அதைத்தான் விடிய விடிய யோசித்தும் அவளுக்கு விடை கிடைக்கவில்லை.

விடிந்ததும் குசினிக்குள் போய் அம்மாவிடம் மெதுவாகத் தொடங்கினாள். அன்னப்பூரணி மகனுடைய வெள்ளைச் சட்டையை மேசையில் விரித்து இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"அம்மா, அண்ணாட செயலியில ஒரு பிழை இரிக்கி."

"சின்னப் பிழையா, பெரிய பிழையா?"

"பெரிசு."

இஸ்திரிப் பெட்டி அப்படியே நின்றது. சட்டை பொசுங்கப் போகிறது என்று கம்சாயினிதான் அதைத் தூக்கி நிமிர்த்தி வைத்தாள்.

"இண்டைக்கு மட்டும் வாயத் திறவாத மகள்," என்றாள் அன்னப்பூரணி. குரல் கெஞ்சியது. "நாளைக்கு என்னண்டாலும் சொல்லு. நானே உனக்குப் பக்கத்தில நிண்டு சொல்றன். அவன் போயிற்றானெண்டா, நீயும் நானும் இந்த வளவுக்குள்ள ஆர்ர முகத்தப் பாத்துக்கொண்டு இரிக்கிற?"

"எனக்கு மட்டும் அவர் போகவேணுமெண்டு ஆசையா அம்மா?"

"ஆசையில்லாட்டி அப்ப பேசாம இரி."

அந்த நேரம் பார்த்துத் தலை துவட்டியபடி ஜெயந்தன் உள்ளே வந்தான். வாயெல்லாம் பல். "என்ன ரெண்டு பேரும் ரகசியம்? கம்சா, வெளிக்கிடு. பரீட்சை வைச்ச ஆளும் மேடைக்கு வரத்தானே வேணும்." அம்மா மகளைப் பார்த்த பார்வை இருக்கிறதே, அது ஒரு கட்டளை.

கம்சாயினி அதற்குக் கீழ்ப்படிந்து மோட்டார் சைக்கிளில் பின்னால் ஏறினாள். தன் மேலேயே அவளுக்குக் கோபம் கோபமாக வந்தது.

வட்டையைத் தாண்டும்போது ஒரு குரல் நிறுத்தியது. "தம்பி ஜெயந்தன்! கொஞ்சம் நில்லு மனே!"

வட்டைக்குத் தலைவரான வட்டவிதானை சீனித்தம்பிதான். சிறுபோகப் பயிருக்கு நடுவில் நின்றிருந்தவர் குனிந்து எதையோ பிடுங்கினார். கையைப் பொத்திக்கொண்டு வரம்பில் நடந்து, வாய்க்காலைக் கடந்து, மூச்சு வாங்க வாங்கச் சரளைக் கல் போட்ட கிறவல் ரோட்டுக்கு ஏறிவந்து, அதற்குப் பிறகுதான் உள்ளங்கையை விரித்தார்.

"எரிபந்தம் போல கிடக்கு. உன்ர மெசினிட்ட ஒருக்காக் காட்டு பாப்பம்."

ஜெயந்தன் படம் பிடித்தான். 'எரிபந்த நோய்' என்றது கதிர்க்கண்.

"பாத்தியா?" என்று தங்கச்சியைப் பெருமையாகத் திரும்பிப் பார்த்தான். "நல்ல சகுனம்!"

கம்சாயினி செயலியைப் பார்க்கவில்லை. சீனித்தம்பி நடந்து வந்த வரம்பையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மாமா, அங்கயே நிண்டு கூப்பிட்டிருந்தா அண்ணா இறங்கி வந்திருப்பாரே. ஏன் இவ்வளவு தூரம் பிடுங்கிக்கொண்டு வந்தீங்க?"

"என்ன புள்ள, வேற ஊர்க்காரி மாதிரிக் கேக்கிறாய்! பயிருக்குள்ள நிண்டுகொண்டு பயிருக்கு வருத்தம் எண்டு சொல்றதா? அது கேட்டுக்கொண்டுதானே நிக்கிது."

"பயிர் நல்லாயிருந்தா?"

"நல்லத அதுக்கு முன்னாலயே சொல்லலாம். உள்ளுக்க நிண்டு நாங்களே எத்தின படம் எடுத்து அனுப்பினம், உன்ர அண்ணனுக்குத் தெரியும்தானே."

தெரியும். அண்ணனுக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். வெல்லாவெளியில் பிறந்த எவருக்கும் தெரியும். பிறந்ததிலிருந்து பார்த்துப் பழகிப்போனதால் ஒருவர் கண்ணிலும் படாமல் போன சங்கதி அது. நோய் பிடித்த இலைகளின் படங்களெல்லாம் வயலுக்கு வெளியே, யாரோ ஒருவரின் உள்ளங்கையில் வைத்து எடுத்தவை. நல்ல இலைகளின் படங்களெல்லாம் வயலுக்குள் நிற்கும்போதே எடுத்தவை. கையில் இருந்தால் நோய், வயலில் நின்றால் சுகம். இவ்வளவு சுலபமான வழி கண்ணெதிரே கிடக்கும்போது, கதிர்க்கண் ஏன் மினக்கெட்டு இலையைப் பார்க்கப் போகிறது?

கம்சாயினிக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது. பயமும் வந்தது, சொன்னால் நம்பமாட்டீர்கள், சந்தோசமும் வந்தது. ஒரு பிழையின் காரணம் பிடிபடும்போது வருகிற சந்தோசம் வேறு எதிலும் இல்லை.

மண்டூர்த் துறையில் பாதை காத்து நின்றது. பாதை என்றால் ஆட்களையும் மோட்டார் சைக்கிள்களையும் ஏற்றி வாவியைக் கடத்திவிடுகிற தட்டையான மிதவை. குருமண்வெளிக் கரைக்குப் போகிற கூட்டத்தோடு அண்ணனும் தங்கச்சியும் ஏறினார்கள். பாதை கரையை விட்டு நன்றாக விலகும் வரை கம்சாயினி பொறுத்திருந்தாள். வாவி நடுவில் நின்றால் அண்ணன் கோபித்துக்கொண்டு எழும்பிப் போகமுடியாது என்று ஒரு கணக்கு.

"அண்ணா, கைய நீட்டுங்க."

"ஏன்?"

"நீட்டுங்க சொல்றன்."

நீட்டினான். வெறும் கை. இலையுமில்லை, புல்லுமில்லை. கம்சாயினி கதிர்க்கண்ணைத் திறந்து படம் பிடித்து, திரையை அவனிடம் திருப்பினாள்.

'எரிபந்த நோய். நிச்சயம்: தொண்ணூற்றேழு வீதம்.'

ஜெயந்தனின் முகம் செத்துப்போனது. பக்கத்தில் மீன் கூடையோடு இருந்த பெண் எட்டிப் பார்த்துவிட்டு, "என்ன தம்பி, உள்ளங்கையிலயா வயல் செய்யிறாய்?" என்று கேட்டுவிட்டுச் சிரித்தாள். அவள் கையையும் கம்சாயினி படம் பிடித்தாள். அவளுக்கும் எரிபந்தம்தான். பாதையே சிரித்தது. ஜெயந்தன் மட்டும் சிரிக்கவில்லை.

"எப்ப கண்டுபிடிச்ச?"

"பிழையெண்டு நேத்துத் தெரியும். கரடியனாத்துப் படத்துக்கு ஐம்பத்தெட்டுத்தான் வந்த. ஏனெண்டு இப்பத்தான், அந்த ரோட்டில நிக்கக்குள்ளதான் தெரிஞ்ச."

"நேத்துத் தெரியும். இண்டைக்கு, பாதி வழியில வைச்சுச் சொல்றாய்." அவன் குரல் உயர்ந்தது. சிரித்தவர்கள் வாயை மூடிக்கொண்டார்கள். "எனக்குக் குழி வெட்டத்தானா கம்சா உன்ன நான் படிப்பிச்ச? ரெண்டு வருசம்! ராத்திரி பகல் பாராம... இனி நான் என்னத்தக் காட்டுற அங்க போய்?"

"வெட்டின குழியில விழப்போனது நீங்க இல்ல அண்ணா!" அவளுக்கும் ஆத்திரம் பொங்கியது, கண்ணும் கலங்கியது. "கரடியனாத்தில ஒரு மனிசன் வயலுக்குள்ள நிண்டு படம் எடுப்பார். அங்க உள்ளவங்களுக்கு நம்மட பழக்கம் இல்ல. பயிர் கருகிக்கொண்டு நிக்கும், உங்கட கதிர்க்கண் நல்லாயிருக்கு எண்டு சொல்லும். அவர் மருந்தடிக்காம விட்டிருவார். நம்மள நம்பித்தான் விடுவார். அந்த வீட்டுப் புள்ளைகள் அந்தப் போகம் என்னத்தச் சாப்பிடுற?"

ஜெயந்தன் தன் உள்ளங்கையையே குனிந்து பார்த்தான்.

"நீங்க டோகாக்குப் போனா நான் அழுதுபோடுவன். அதுக்குப் பயந்துதான் விடியவே சொல்லல்ல. அம்மாவும் சொல்லவேணாம் எண்டவ. ஆனா உங்களப் பொய்யனாக்கி இஞ்ச நிப்பாட்டி வைக்க எனக்கு ஏலாது."

அவன் முகத்தை வாவிப் பக்கம் திருப்பிக்கொண்டான். பாதை இழுபட்டு இழுபட்டுப் போனது. குருமண்வெளிக் கரையில் முட்டி நின்றது. கரையில் மோட்டார் சைக்கிளை உருட்டி இறக்கிய பிறகு, தங்கச்சியைப் பார்க்காமலே சொன்னான்.

"றிஸானுக்குக் கோல் எடு. கணினியப் போட்டு வைக்கச் சொல்லு."

மட்டக்களப்பு பஸ் நிலையத்துக்குப் பின்னால் ஒரு மாடி அறைதான் அவர்களுடைய அலுவலகம். றிஸான் விசயத்தைக் கேட்டதும் முதலில் செய்த வேலை, தன் கையையே படம் பிடித்துப் பார்த்ததுதான்.

"யா அல்லாஹ்! எனக்கும் வருத்தமாம் மச்சான்!" என்று தலையில் கைவைத்தான். ஆனால் றிஸான் அதிக நேரம் தலையில் கைவைத்துக்கொண்டிருக்கிற ஆளில்லை. "சரி, அழுது என்ன? தங்கச்சி, உங்கட கரடியனாத்துப் படமெல்லாம் தாங்க. அதையும் போட்டுப் படிப்பிச்சா, ஒரே பாய்ச்சல்ல தொண்ணூறு தாண்டிரும்."

"அதத் தரமாட்டன்."

"என்ன?"

"அது பரீட்சைத் தாள் றிஸான் நானா. தாளப் புள்ளைக்கு முதல்லயே காட்டிப்போட்டு, பிறகு பரீட்சை வைச்சு, நூறு எடுத்திட்டான் எண்டு சந்தோசப்படுறதா? பிறகு நாம என்னத்த அளந்த?"

"நேரமில்ல தங்கச்சி!"

"நேரமில்லாட்டியும் தரமாட்டன்."

றிஸான் ஜெயந்தனைப் பார்த்தான். நீயாவது சொல்லு என்கிற பார்வை. அண்ணன் ஒரு அதட்டுப் போட்டால் கொடுக்காமல் இருக்கக் கம்சாயினியால் முடியுமா என்று அவளுக்கே தெரியவில்லை.

"விடு மச்சான்," என்றான் ஜெயந்தன். "அவ சொல்றதுதான் சரி. பழைய படத்த வைச்சே வேற வழி பாப்பம்."

அந்த ஒரு சொல்லில் கம்சாயினிக்கு உச்சி குளிர்ந்தது. காலையிலிருந்து பட்ட பாடெல்லாம் எங்கேயோ போய் ஒளிந்துகொண்டது.

வழியும் கிடைத்தது. படத்தில் இலை எதுவோ அதை மட்டும் ஓரம் பிடித்து வெட்டி எடுக்கிற ஒரு நிரலை றிஸான் முன்பு எழுதி, தேவையில்லை என்று தூக்கி வைத்திருந்தான். அதை இப்போது ஓடவிட்டான். கையும் போனது, கிறவலும் போனது, வயல் தண்ணீரும் போனது. கறுப்புப் பின்னணியில் வெறும் இலைகள் மிஞ்சின. கதிர்க்கண்ணை அவற்றில் முதலிலிருந்து படிக்க வைத்தார்கள். ஏமாற்ற வேறு வழியில்லாமல் அது இந்த முறை இலையைப் பார்த்தே தீரவேண்டியிருந்தது.

"இன்னொண்டு," என்றாள் கம்சாயினி. "படத்தில இலையே இல்லாட்டி, தெரியா எண்டு சொல்லவும் வேணும். எல்லாத்துக்கும் ஒரு பதில் சொல்லித்தான் தீருவன் எண்டு நிக்கக்கூடாது."

"மனிசருக்கே அது வராது, மெசினுக்கு எங்க வாறது?" என்று முணுமுணுத்துக்கொண்டே றிஸான் அதையும் சேர்த்தான். அவன் மனைவி ஷஸ்னா கட்டிக் கொடுத்திருந்த சோற்றுப் பார்சல்கள் பிரிக்கப்படாமலே ஆறிப்போயின. கணினியின் இரைச்சல் மின்விசிறியின் இரைச்சலை அமுக்கியது.

படித்து முடித்ததும் கம்சாயினி கதிரையை இழுத்துப்போட்டு முன்னால் இருந்தாள். "ஒரு தரம்தான் வைப்பன். என்ன வருதோ அதுதான் புள்ளி. குறைஞ்சா மாத்தி மாத்தி வைக்கச் சொல்லிக் கேக்கக்கூடாது. சம்மதமா?"

இருவரும் தலையாட்டினார்கள். அவள் பொத்தானை அழுத்தினாள். கரடியனாற்றுப் படங்கள் ஒவ்வொன்றாக உள்ளே போயின. றிஸான் வாய்க்குள் ஏதோ ஓதினான். ஜெயந்தன் யன்னல் பக்கம் போய், திரும்பி வந்து, மறுபடி போனான்.

எண்பத்துநாலு.

"தொண்ணூற்றாறில இருந்து எண்பத்துநாலா..." என்று ஜெயந்தன் பெருமூச்சு விட்டான்.

"ஐம்பத்தெட்டில இருந்து எண்பத்துநாலு!" என்றாள் கம்சாயினி. "அதுவும் இது நிசப் புள்ளி அண்ணா. கொண்டு போய் எங்கயும் தலை நிமிர்ந்து சொல்லலாம்."

தேர்வுக்குழுவின் தலைவி கேதீஸ்வரி. விவசாயத் துறையில் பெரிய பதவி, அதைவிடப் பெரிய கண்டிப்பு. அவருக்கு முன்னால் முதலில் எழும்பியது கொழும்பிலிருந்து வந்த ஒரு கம்பனி. கோட்டுப் போட்ட மனிதர், பளபளக்கிற படங்கள், பளபளக்கிற பேச்சு. அவர்களுடைய செயலி நூற்றுக்குத் தொண்ணூற்றெட்டு வீதம் சரியாம். குழுவில் இருந்த இரண்டு பேர் ஒருவரை ஒருவர் பார்த்துப் புருவம் உயர்த்தினார்கள்.

ஜெயந்தன் முறை வந்தது. தொண்ணூற்றாறு என்று கொட்டை எழுத்தில் போட்டு அவன் தயாரித்திருந்த படம் திரையில் விழுந்தது. அதை மாற்ற நேரம் இருக்கவில்லை. அவன் அந்த எண்ணைச் சுட்டிக்காட்டினான்.

"மெடம், இதில இரிக்கிற எண் பொய்," என்றான்.

கேதீஸ்வரி எழுதிக்கொண்டிருந்த பேனாவை நிறுத்தினார்.

"நாங்க தெரிஞ்சு சொன்ன பொய் இல்ல. எங்கட செயலி இலையப் பாக்கல்ல, இலையப் பிடிச்சிருந்த கையப் பாத்திருக்கு. அதக் கண்டுபிடிச்சது என்ர தங்கச்சி. இண்டைக்குத் திருத்தினம். இப்ப எண்பத்துநாலு. மிச்சத்த அவவே சொல்லட்டும்."

எல்லாத் தலைகளும் கம்சாயினி பக்கம் திரும்பின. அவள் எழும்பினாள். வட்டையின் வழக்கத்தைச் சொன்னாள், கரடியனாற்றுப் படங்களைச் சொன்னாள், பரீட்சைத் தாளை ஏன் தர மறுத்தாள் என்பதையும் சொன்னாள். "படிச்ச வீட்டிலயே பரீட்சை வைச்சா எல்லாரும் பாஸ்தான் மெடம். முன்பின் தெரியாத வயலில வைச்சுப் பாக்கவேணும்," என்று முடித்தாள்.

கேதீஸ்வரி ஏதோ குறித்துக்கொண்டார். பிறகு கொழும்புக்காரரிடம் திரும்பினார். "நீங்க உங்கட செயலியை எந்தப் படங்களில படிப்பிச்சீங்க?"

"இணையத்தில பொதுவா உள்ள இலங்கை நெற்படத் தொகுப்பு மெடம். இருக்கிறதில பெரியது அதுதான். சோதிச்சதும் அதிலதான்."

"நம்மட படம் மச்சான்!" என்று றிஸான் ஜெயந்தனின் தொடையில் கிள்ளினான். "நம்மட வட்டைப் படந்தான்!"

கேதீஸ்வரி தன் வலது கையை மேசைக்கு மேலே நீட்டினார். ஒரு மெல்லிய காப்பு, ஒரு மோதிரம். "ரெண்டு பேரும் இதைப் படமெடுங்க."

கொழும்புக்காரர் புன்னகையோடு வந்து படமெடுத்தார். திரையைப் பார்த்ததும் அந்தப் புன்னகையைக் காணவில்லை.

"என்ன சொல்லுது? வாசிங்க."

"எரிபந்தம் மெடம்... தொண்ணூற்றொன்பது வீதம்."

குழுவே குலுங்கிச் சிரித்தது. கேதீஸ்வரியின் உதட்டோரம் கூட அசைந்ததாக றிஸான் பிறகு சத்தியம் பண்ணினான். ஜெயந்தன் முன்னால் போய்க் கதிர்க்கண்ணைப் பிடித்தான். அவசரத்தில் படம் இரண்டு தரம் கலங்கியது. மூன்றாம் தரம் பதில் வந்தது. 'படத்தில் நெல் இலை தெரியவில்லை. என்னால் சொல்ல முடியாது.'

"இது மரியாதையான பதில்," என்றார் கேதீஸ்வரி.

அதோடு அவர் விடவில்லை. கரடியனாற்றுப் படங்களை வாங்கி, தன்னுடைய உத்தியோகத்தரை வைத்தே இரண்டு செயலிகளுக்கும் அந்தப் பரீட்சையை வைத்தார். கம்சாயினி கிட்டப் போகக்கூடாது என்றும் உத்தரவு. அப்படிச் சொன்னது அவளுக்கு நல்ல சந்தோசம். அளக்கிறவர் அப்படித்தான் இருக்கவேணும்.

கொழும்புச் செயலி அறுபத்தொன்று. கதிர்க்கண் அதே எண்பத்துநாலு.

"வாற பெரும்போகம் கதிர்க்கண்," என்று கேதீஸ்வரி பேனாவை மூடினார். "ஒவ்வொரு மாதமும் புது வயல் ஒன்றில இந்தப் பரீட்சையை வைக்கவேணும். அது நிபந்தனை."

கோட்டுக்காரர் நல்ல மனிதர், சும்மா சொல்லக்கூடாது. போகும்போது கம்சாயினியிடம் வந்தார். "தங்கச்சி, உங்கட அந்தப் பரீட்சையை எங்கட கம்பனிக்கு விற்பீங்களா?"

"விக்கிறதுக்கில்ல சேர்," என்றாள். "திருத்திப்போட்டு வாங்க. வந்து எழுதிற்றுப் போங்க."

வெளி விறாந்தைக்கு வந்ததும் றிஸான் ஜெயந்தனைக் கட்டிப்பிடித்து ஒரு சுற்றுச் சுற்றினான். காவலாளி வந்து, இது அரசாங்கக் கட்டடம் என்று ஞாபகப்படுத்தவேண்டி வந்தது. ஜெயந்தன் முதலில் டோகா முகவருக்குக் கோல் எடுத்தான். "அண்ணன், அந்த இடத்த வேற ஆருக்கும் குடுங்க. நான் வரல்ல." அதற்கு மேல் அவர் கேட்ட ஒரு கேள்விக்கும் பதில் சொல்லாமல் வைத்துவிட்டு, அம்மாவுக்கு எடுத்தான். எல்லோருக்கும் கேட்கும்படி ஒலிபெருக்கியைப் போட்டான்.

"அம்மா, கிடைச்சிற்று!"

அந்தப் பக்கம் அன்னப்பூரணியின் விம்மலும் சிரிப்பும் கலந்து ஏதோ கேட்டது. "அப்ப நீ போகல்லத்தானே மனே? போகல்லத்தானே?" என்று திரும்பத் திரும்பக் கேட்டாள்.

"போகல்ல அம்மா. எங்கயும் போகல்ல. உங்கட மகள்தான் என்னப் பிடிச்சு நிப்பாட்டினவ. வாயத் திறவாத எண்டு சொன்னீங்களாமே? நல்லவேளை, அவ உங்கட சொல்லுக் கேக்கல்ல."

கம்சாயினி அழுதாள். மறைக்கவெல்லாம் இல்லை, விறாந்தையில் நின்று நன்றாகவே அழுதாள்.

அப்போதுதான் பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. கேதீஸ்வரி வந்துகொண்டிருந்தார். அழுதுகொண்டிருந்தவள் அவசரமாகக் கண்ணைத் துடைத்தாள்.

"உங்களோடதான் பேச வந்தனான்," என்றார் கம்சாயினியிடம். "நெஞ்சு எக்ஸ்ரேப் படம் பார்த்து நோய் சொல்ற மெசின், வெள்ளம் வருமா எண்டு சொல்ற மெசின், இப்பிடி ஒவ்வொரு துறைக்கும் ஒவ்வொண்டு வந்துகொண்டிருக்கு. வாற எல்லாரும் தொண்ணூற்றெட்டு, தொண்ணூற்றொன்பது எண்டுதான் சொல்றாங்க. அதைச் சோதிக்கக் கொழும்பில ஒரு பிரிவு தொடங்குறம். பரீட்சை வைக்கத் தெரிஞ்ச ஆள் எங்களிட்ட இல்ல. அடுத்த மாதம் வந்து சேர ஏலுமா?"

கம்சாயினி திகைத்துப்போய் நின்றாள். கொழும்பா? தானா?

"அவ வருவா மெடம்," என்றான் ஜெயந்தன்.

"அண்ணா!"

"என்ன அண்ணா? வெள்ளத்துக்குப் பிழையாச் சொல்ற ஒரு மெசின் வந்து நம்மட ஊர்ல இறங்கினா, வெறும் கைய நீட்டிப் பாக்க அங்க ஆர் இரிக்கா?"

அவன் சொன்னது முழுக்கச் சரி, அதுதான் பெரிய வில்லங்கம். அவனுடைய கையில் இருந்த தொலைபேசி இன்னும் வைக்கப்படவில்லை என்பதை அந்த நேரம் யாரும் நினைக்கவில்லை.

"ஆரு? எங்க?" என்றது அதற்குள்ளிருந்து அன்னப்பூரணியின் குரல். "ஜெயந்தன், ஃபோன அவளிட்டக் குடு."

கம்சாயினி வாங்கி ஒலிபெருக்கியை நிறுத்திவிட்டுக் காதில் வைத்தாள்.

"மகள், நீயா போகப்போறாய்?"

அண்ணனை வீட்டில் நிறுத்தத்தான் விடிந்ததிலிருந்து இவ்வளவு பாடும். அம்மா தனித்துப்போகக் கூடாது என்றுதான் இவ்வளவு பயமும். ஆனாலும் கேதீஸ்வரி கேட்ட அந்த நொடியே அவளுடைய மனம் ஓம் சொல்லிவிட்டிருந்தது. பிழையான எண்ணை அண்ணனிடம் மறைக்காதவள், சரியான பதிலை அம்மாவிடம் மறைப்பதா?

"ஓம் அம்மா," என்றாள். "போகத்தான் போறன்."

"அம்மா?" என்றாள். "அம்மா, கேக்குதா?"

தொலைபேசியைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தாள். அன்னப்பூரணி வைத்துவிட்டிருந்தாள்.